தட்டான் குஞ்சும் டிரவுட் மீனும்

(படாளத்தில் ஒரு மாலைக் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)



இந்த மேசையின்மேல் ஒரு கண்ணாடிச் சாடி இருப்பதையும், அதில் முக்கால் பங்கு ஏரித் தண்ணீரும், அடியில் இரண்டு விரற்கடைச் சேறும், நடுவே நட்டு வைத்த ஒரு கோரைத் தண்டும் இருப்பதையும் பார்த்துவிட்டு, முன்வரிசைப் பிள்ளைகள் வெகு நேரமாக ஒருவரையொருவர் முழங்கையால் இடித்துக்கொண்டிருக்கிறார்கள். அவர்களை இனியும் காக்க வைப்பது தர்மமாகாது. சாடிக்குள் இருப்பது ஒரு தட்டாம்பூச்சியின் குஞ்சு. மூன்று நாளைக்கு முன் விடியற்காலையில் ஏரியோரத்து முழங்கால் தண்ணீரில் நின்றுகொண்டு, மாவு சலிக்கும் சல்லடையால் சேற்றை வாரி நான் எடுத்தது. இன்று நான் பேச வந்திருப்பது நீலகிரி மலை ஓடைகளில் வாழும் டிரவுட் என்னும் மீனைப் பற்றியும், இந்தக் குஞ்சைப் போலப் பொய்யாக ஓர் உருவம் செய்து அந்த மீனைப் பிடிக்கும் அருமையான வித்தையைப் பற்றியுமே ஆகும்.

ஏறக்குறைய 2,000 மீட்டர் உயரத்தில், கம்பளி இல்லாமல் நிற்க முடியாத குளிரில் வாழும் ஒரு மீனுக்கும், பங்குனி வெயிலில் பாலாற்று மணல் பொரியும் இந்தப் படாளத்துக்கும் என்ன சம்பந்தம் என்று நீங்கள் கேட்கலாம். அந்தச் சம்பந்தம் இந்தச் சாடிக்குள் இருக்கிறது. என் இளமையில் நான்கைந்து ஆண்டுகள் உத்தியோக நிமித்தமாக உதகையில் இருந்தேன். நான் பிறந்து வளர்ந்த ஊரின் ஏரிச் சேற்றில் இப்படி ஒரு பிராணி வாழ்கிறது என்பதை, அங்கே ஒரு மீனின் வயிற்றைக் கீறிப் பார்த்தபோதுதான் நான் தெரிந்துகொண்டேன்.

தட்டாம்பூச்சியை அறியாத பிள்ளை நம் ஊரில் இல்லை. ஐப்பசி பிறக்கும் முன்னே அறுவடையான வயலுக்கு மேலும், சர்க்கரை ஆலைக்குக் கரும்பு ஏற்றிப் போகும் வண்டிப் பாதையிலும், கூட்டங் கூட்டமாக அவை மிதந்துகொண்டிருப்பதைப் பார்த்திருப்பீர்கள். அவை தாழப் பறந்தால் மழை வரும் என்று நம் பாட்டிமார் சொல்லுவார்கள். தும்பி என்றும் அதற்குப் பெயர் உண்டு. ஆனால் பழைய இலக்கியத்தில் வரும் தும்பி வேறு. குறுந்தொகையின் இரண்டாம் பாட்டில் தலைவன் விளித்துக் கேள்வி கேட்கும் தும்பி தேனுண்ணும் வண்டு; நம்முடைய தட்டானோ பூவை ஒருநாளும் நாடாமல், பறந்தபடியே கொசுவையும் ஈயையும் காலால் வாரிப் பிடித்துத் தின்னும் மாமிச பட்சிணி. ஒரே பெயர் காலப்போக்கில் ஒரு ஜீவனை விட்டு இன்னொன்றின்மேல் போய் உட்கார்ந்துகொண்டது. பறக்கும் பருவத்துக்கு இப்படி இரண்டு மூன்று பெயர் வைத்த நாம், தண்ணீருக்குள் கழியும் அதன் நீண்ட இளமைக்கு எல்லாரும் அறிந்த ஒரு பெயரை வைக்காமல் விட்டுவிட்டோம். ஆங்கிலேயர் அதை நிம்ஃப் என்பார்கள். நான் தட்டான் குஞ்சு என்றே சொல்லப் போகிறேன்.

இந்தக் குஞ்சின் சரீர அமைப்பைச் சற்று நிதானமாகக் கவனிக்க வேண்டும். கட்டைவிரலின் முதற்கணு அளவு நீளம்; சேற்றின் நிறம்; தட்டையான வயிறு; ஆறு கால்; தலையின் இரு பக்கத்திலும் புடைத்த கண்கள். முகத்தின் கீழே, முழங்கையை மடித்து மோவாய்க்கடியில் வைத்துக்கொண்டாற்போல, ஒரு கீழுதடு மடிந்து கிடக்கிறது. அதன் நுனியில் இரண்டு கொக்கிகள். கொசுப்புழுவோ, தவளைக் குஞ்சோ, நெத்திலியளவு மீன்குஞ்சோ எட்டும் தூரத்தில் வந்தால், அந்த உதடு இமைப்பொழுதில் ஒரு சிறு பங்குக்குள் நீண்டு, இரையைக் கவ்வி, வாய்க்குக் கொண்டுவந்துவிடும். அது சுவாசிக்கும் விதம் இதைக் காட்டிலும் ஆச்சரியமானது. மீனுக்குச் செவுள் கன்னத்தில் இருக்கிறது; இந்தப் பிராணிக்கோ செவுள் மலக்குடலுக்குள்ளே இருக்கிறது. பின்வழியாகத் தண்ணீரை உள்ளே இழுத்து, அதிலுள்ள பிராணவாயுவைக் கிரகித்துக்கொண்டு, அந்த வழியாகவே வெளியே விடுகிறது. ஆபத்து வந்தால் உள்ளிருக்கும் நீரையெல்லாம் ஒரே மூச்சில் பீச்சியடிக்கும். அந்த உந்துதலில் உடல் அம்பு போல முன்னே பாயும். பாய்ந்து, நின்று, மறுபடி நீரை நிரப்பிக்கொண்டு, மறுபடி பாயும். விட்டுவிட்டுப் பாயும் இந்த ஓட்டத்தை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். தூண்டிற்காரனுடைய சாமர்த்தியம் முழுவதும் இதைப் பற்றித்தான் நிற்கிறது.

தட்டானுக்குப் பட்டாம்பூச்சியைப் போலக் கூட்டுப்புழுப் பருவம் கிடையாது. குஞ்சு வளர வளரப் பத்துப் பன்னிரண்டு முறை சட்டையுரிக்கும். கடைசிச் சட்டைக்கு முன் உணவை நிறுத்திவிட்டு, நீர் விளிம்புக்கு ஊர்ந்து வந்து, ஓர் இரவில் ஒரு தண்டைப் பற்றி மேலே ஏறும். முதுகு பிளந்து, உள்ளேயிருந்து ஈரமும் கசங்கலுமாக ஒரு தட்டான் வெளிப்படும். குளிர்ப் பிரதேசத்து இனங்கள் சில, தண்ணீருக்குள்ளேயே இரண்டு மூன்று ஆண்டுகள் கழிப்பதுண்டு. நம் சமவெளியில் மழைக்குப் பின் திரளும் மஞ்சள் தட்டானோ, குட்டை வற்றுவதற்குள் காரியத்தை முடித்துக்கொள்ள வேண்டியிருப்பதால், இரண்டு மாதத்துக்குள்ளாகவே வளர்ந்து பறந்துவிடுகிறது. அப்படிப் பறப்பவை எங்கே போகின்றன என்பதைப் பற்றி, மாலத்தீவில் வசித்த சார்லஸ் ஆண்டர்சன் என்னும் உயிரியலார் 2009-ல் ஒரு கட்டுரை வெளியிட்டார். முட்டையிட நன்னீரே அருமையான அந்தத் தீவுகளில், ஆண்டுதோறும் ஐப்பசி கார்த்திகையில் லட்சக்கணக்கான தட்டான்கள் வந்திறங்குவதைப் பல ஆண்டுகள் குறித்து வைத்திருந்து, அவை இந்தியாவிலிருந்து வாடைக்காற்றின் துணையோடு கடல் கடந்து கிழக்கு ஆப்பிரிக்காவுக்குப் போகின்றன என்று அவர் ஊகித்தார். நம் வயலில் சிறுவர்கள் வாலில் நூல் கட்டி விளையாடும் பூச்சிக்கு இப்படி ஒரு சமுத்திர யாத்திரை வாய்த்திருப்பதை எண்ணும்போது, அந்த நூலை அறுத்துவிடத் தோன்றுகிறது.

இனி மீனுக்கு வருவோம். வானவில் டிரவுட் என்று சொல்லப்படும் இந்த மீனின் பூர்வ தேசம் வட அமெரிக்காவின் பசிபிக் கடற்கரையை அடுத்த ஆறுகளும் ஏரிகளும் ஆகும். முதுகு பச்சை; அதன்மேல் மிளகு தூவினாற்போலக் கரும்புள்ளிகள்; செவுளிலிருந்து வால் வரைக்கும் இளஞ்சிவப்பில் ஒரு பட்டை. தண்ணீர் குளிர்ந்திருக்க வேண்டும், ஓட வேண்டும், பிராணவாயு நிறைந்திருக்க வேண்டும். நம் ஏரியில் கொண்டுவந்து விட்டால் ஒரு பகல் தாங்காது. பெண் மீன் ஓடையின் கூழாங்கல் பரப்பில் வாலால் பள்ளம் பறித்து முட்டையிடும். முட்டைகள் பட்டாணி அளவில், பாதி பழுத்த நாரத்தம்பழத்தின் நிறத்தில் இருக்கும்.

இந்த மீன் நீலகிரிக்கு வந்த வரலாறு நீண்ட பிரயத்தனத்தின் வரலாறு. ஆங்கிலேய உத்தியோகஸ்தர்கள் உதகையைக் கண்டவுடன் அங்கே தங்கள் நாட்டுப் பழத்தையும் பூவையும் பயிரிட்டது போலவே, தங்கள் நாட்டு மீனையும் அந்த ஓடைகளில் பார்க்க ஆசைப்பட்டார்கள். சென்னைப் படையில் வைத்தியராக இருந்தவரும், பிற்காலத்தில் இந்திய மீன்களைப் பற்றிப் பெருநூல் எழுதியவருமான டாக்டர் பிரான்சிஸ் டே 1863-லும் 1866-லும் முயன்றார், பலிக்கவில்லை. முட்டைகளைப் பாசியில் பொதிந்து, பனிக்கட்டி சுற்றி, கப்பலில் பல வாரம் கொண்டுவந்து, கரையிறக்கி, மலையேற்ற வேண்டும். பனிக்கட்டி உருகினால் முட்டைகள் வழியிலேயே அழிந்துவிடும். அவ்வளவு தோல்விக்குப் பிறகும் ஆசை அடங்கவில்லை. மீன் வருவதற்கு முன்பே அதற்குக் காவலாகச் சட்டம் வந்துவிட்டது: நீலகிரி வேட்டைப் பிராணிகளையும் மீன்களையும் பாதுகாக்கும் சட்டம் 1879-ஆம் ஆண்டினது. இதற்கிடையில் ஹென்றி சல்லிவன் தாமஸ் என்ற சென்னை சிவில் உத்தியோகஸ்தர், இந்தியத் தூண்டில் கலையைப் பற்றி 1873-ல் ஒரு நூலும், ஏரி குளங்களில் தூண்டில் போடுவதைப் பற்றி மட்டுமே 1887-ல் இன்னொரு நூலும் எழுதினார். ஏரி மீன்களுக்கென்று தனியாக ஒரு புத்தகம் எழுதியவரிடம், ஏரி மாவட்டத்துக்காரர்களாகிய நமக்கு விசேஷ அபிமானம் இருக்க வேண்டும்.

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் காரியம் சித்தியாயிற்று. 1907-ல் சென்னை மாகாணத்தில் மீன்துறை உருவானபோது அதற்கு மூலபுருஷராக இருந்தவர் சர் பிரடரிக் நிக்கல்சன். கூட்டுறவுச் சர்க்கரை ஆலையின் புகைபோக்கியைப் பார்த்து வளர்ந்த படாளத்தார், இந்தப் பெயரைத் தனியாகவும் நினைவில் வைக்கலாம். இந்தியாவில் கூட்டுறவுக் கடன் சங்கங்களுக்கு வித்திட்ட பெரிய அறிக்கை அவர் எழுதியதுதான். அந்தக் காலத்தில் மீன் வளர்ப்பு நிபுணராக நியமிக்கப்பட்ட எச். சி. வில்சன், உதகையிலிருந்து தென்மேற்கே உள்ள அவலாஞ்சியில் ஒரு குஞ்சு பொரிப்பகம் அமைத்தார். முன்னவர்கள் பெரும்பாலும் ஐரோப்பியப் பழுப்பு டிரவுட்டையே கட்டிக்கொண்டு மாரடித்தார்கள். வில்சன், சற்று வெப்பம் மிகுந்த நீரையும் பொறுத்துக்கொள்ளும் வானவில் டிரவுட்டின் முட்டைகளை இலங்கையிலிருந்தும் நியூஸிலாந்திலிருந்தும் வரவழைத்தார். இலங்கையில் நுவரெலியாவுக்கு டிரவுட் 1880-களிலேயே வந்துவிட்டது. காஷ்மீரத்தில் 1900-ல் வேரூன்றியது. தெற்கே நம்முடைய மலைதான் கடைசியில் கண் திறந்தது.

அவலாஞ்சியில் முட்டை எடுப்பதை நான் அருகில் நின்று பார்த்திருக்கிறேன். பனி விலகாத காலையில், ஓர் ஊழியர் சினை முதிர்ந்த பெண் மீனை ஈரத்துணியால் பிடித்து, தலையை உயர்த்தி, மறுகையின் கட்டைவிரலால் மார்பிலிருந்து வால்பக்கமாக மெள்ள நீவினார். எனாமல் பேசினில் முத்து உதிர்வது போல முட்டைகள் விழுந்தன. பிறகு ஆண் மீனை அவ்வாறே நீவ, பால் போன்ற விந்து அவற்றின்மேல் படிந்தது. அவர் ஒரு கோழியிறகை எடுத்து, குழந்தைக்குச் சங்கில் மருந்து கலக்கும் பதனத்தோடு இரண்டையும் கலந்தார். கை பட்டால் முட்டை நசுங்கும் என்பதற்காக இறகு. ஓடை நீர் இடைவிடாமல் மேலே ஓடும் தட்டுகளில் அவற்றைப் பரப்பி வைத்தால், ஒரு மாதத்தில் வயிற்றில் மஞ்சட் கருப்பையைச் சுமந்தபடி குஞ்சுகள் வெளிவரும். ‘பிரசவம் பாத்த கை மாதிரி இருக்கணும் சார்’ என்று அவர் சொன்னார்.

நம் ஊர்த் தூண்டிலுக்கும் டிரவுட் தூண்டிலுக்கும் உள்ள பேதத்தை இப்போது சொல்லவேண்டும். நாம் மூங்கிற்கழியில் நரம்பு கட்டி, தக்கையும் ஈயக்குண்டும் கோத்து, முள்ளில் மண்புழுவையோ, விராலுக்கானால் தவளைக் குஞ்சையோ மாட்டி எறிகிறோம். குண்டின் கனம்தான் நூலை இழுத்துக்கொண்டு போகிறது. அவர்களுடைய முறையில் முள்ளின்மேல் இருப்பது இறகும் மயிரும் நூலும் கொண்டு செய்த ஒரு பொய்ப்பூச்சி. ஊதினால் பறக்கும் அதை எவ்வளவு வலுவாக எறிந்தாலும் பத்தடி போகாது. ஆகையால் அங்கே கயிற்றையே கனமாகச் செய்கிறார்கள். வளையும் கோலைப் பின்னே வீசினால் கயிறு முதுகுக்குப் பின்னே காற்றில் நீண்டு நிற்கும். அது முழுவதும் விரியும் வரைக்கும் ஒரு கணம் பொறுத்து, முன்னே வீசினால், அந்தக் கனமே சுருள் அவிழ்ந்து ஓடி, நுனியிலுள்ள மெல்லிய நரம்பையும் பொய்ப்பூச்சியையும் பூவிழுவது போல நீரில் இறக்கிவிடும். அந்த ஒரு கணப் பொறுமை வருவதற்கு எனக்கு ஒரு பருவம் முழுவதும் பிடித்தது. பிளந்த மூங்கிற்கீற்றுகளை ஒட்டிச் செய்யும் கோல்கள் மேல்நாட்டில் முதன்முதல் பரவியபோது, அதற்கு உகந்ததென்று அவர்கள் கொண்டது கல்கத்தாவிலிருந்து ஏற்றுமதியான நம் தேசத்து மூங்கிலே.

இந்த வித்தை புதிதன்று. ஏறத்தாழ 1,800 ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்த ஈலியன் என்ற ரோமாபுரி ஆசிரியர், மாசிடோனிய நாட்டார் முள்ளில் செங்கம்பளி சுற்றி, சேவலிறகு இரண்டைக் கட்டி, ஆற்று மீனை ஏமாற்றியதை வர்ணித்திருக்கிறார். நம் பக்கத்தில், பன்னிரண்டாம் நூற்றாண்டில் ஆண்ட சாளுக்கிய மன்னன் மூன்றாம் சோமேசுவரன் இயற்றிய மானசோல்லாசத்தில் மத்ஸ்யவிநோதம் என்றே ஒரு பகுதி உண்டு. எந்த மீனுக்கு எந்த இரை, கோல் எப்படி, கயிறு எப்படி என்று ராஜாக்களின் பொழுதுபோக்குக்குரிய சாஸ்திரமாகவே அது தூண்டிலைப் போதிக்கிறது.

ஆனால் பூச்சியின் இளமையை, அதாவது நீருக்குள் வாழும் குஞ்சுப் பருவத்தை, பொய்யாகச் செய்து பார்க்கலாம் என்ற எண்ணம் வலுவாக எழுந்தது சென்ற நூற்றாண்டில்தான். அதன் பெயரால் இங்கிலாந்தில் பெரிய விவாதமே மூண்டது. பிரடரிக் ஹால்ஃபோர்ட் என்பவரைப் பின்பற்றியவர்கள், நீரின்மேல் மிதக்கும் பூச்சியின் உருவத்தைத்தான் போட வேண்டும், அதுவும் மேலே வந்து இரையெடுக்கும் மீனைக் கண்ட பிறகே போட வேண்டும் என்று ஆசாரம் வகுத்தார்கள். லண்டனில் வழக்கறிஞராக இருந்த ஜி. இ. எம். ஸ்க்யூஸ் என்பவர், மீன் தன் உணவில் பெரும்பகுதியை நீருக்கடியில்தானே தின்கிறது, அங்கே அது தின்பதை ஏன் போலி செய்யக் கூடாது என்று கேட்டார். 1910-லும் 1921-லும் நூல் எழுதினார். 1938-ல், எண்பதை நெருங்கிய வயதில், லண்டன் சங்கம் ஒன்றில் தம் கட்சியை நின்று வாதாடவும் வேண்டியிருந்தது. அவரிடம் எனக்கு மிகுந்த மதிப்பு உண்டாவதற்குக் காரணம், அவர் ஊகத்தை நம்பவில்லை. எலும்பு மஜ்ஜையைத் தோண்டித் தின்னும் மெல்லிய கரண்டி ஒன்றைக் கையோடு வைத்திருந்து, பிடித்த மீனின் வயிற்றிலிருந்து உணவை எடுத்து, வெள்ளைத் தட்டில் தண்ணீர் விட்டுப் பிரித்து, மீன் உண்மையில் எதைத் தின்றது என்று கண்டறிந்து, அதன்படி பூச்சி கட்டினார்.

அவருடைய பெயரைக்கூட அறியாத காலத்திலேயே எனக்கும் அந்த அநுபவம் நேர்ந்தது. மீன்துறை அலுவலகத்தில் பணம் கட்டி உரிமச் சீட்டு வாங்கிக்கொண்டு, அவலாஞ்சி ஓடையில் ஞாயிறுதோறும் பளபளப்பான பொய்ப்பூச்சிகளைப் போட்டுப் போட்டு வெறுங்கையோடு திரும்பிக்கொண்டிருந்தேன். ஒருநாள் பக்கத்தில் தூண்டில் போட்ட ஒரு பெரியவர், பரிதாபப்பட்டு, தாம் பிடித்ததில் ஒன்றை எனக்குக் கொடுத்தார். வீட்டில் அருவாமணையில் வைத்து வயிற்றைக் கீறியபோது ஓடை நண்டின் கால்களும், இன்னும் செரிக்காத ஆறேழு பழுப்புப் பிராணிகளும் வந்தன. ஒன்றைக் கழுவி விளக்கடியில் வைத்தேன். மடிந்த அந்தக் கீழுதட்டை ஊசியால் இழுத்தபோது, பொம்மையின் கை நீளுவது போல அது நீண்டது. அன்றிரவு அந்த மீனைச் சமைக்க மறந்தே போனேன்.

அடுத்த வாரமே தட்டான் குஞ்சைக் கட்டக் கற்றுக்கொண்டேன். நீண்ட காம்புள்ள முள்ளைச் சிறு பிடிகருவியில் இறுக்கி, மெழுகு தடவிய பட்டுநூலால் காம்பு முழுதும் சுற்றவேண்டும். தலைப்பக்கம், மீன்பிடி நரம்பின் இரு நுனிகளையும் தீக்குச்சியில் காட்டி உருக்கி உருண்டையாக்கினால், புடைத்த கண்கள் இரண்டு கிடைக்கும். அவற்றைக் குறுக்கே வைத்து எட்டுப் போலச் சுற்றிக் கட்டவேண்டும். பழுப்பும் பாசிப்பச்சையுமான கம்பளி மயிரை விரலில் திரித்து நூலோடு முறுக்கி, வயிறு நடுவில் அகன்றும் நுனியில் கூம்பியும் வரும்படி சுற்ற வேண்டும். அதன்மேல் மயில்தோகையின் மெல்லிய இழை இரண்டை ஓட்டினால், ஈரம் பட்டவுடன் உயிருள்ள பூச்சியின் மேனி போல நிறம் மாறி மாறி மின்னும். பக்கத்துக்கு மூன்றாக இறகிழைக் கால்கள். கட்டி முடித்த பிறகு, தையற்காரர் பொத்தான்துளை வெட்டுவது போல, கத்தரிக்கோலின் நுனியால் வயிற்றடியைத் தட்டையாகக் கத்தரிக்க வேண்டும். முதன்முறை அதை மறந்து, உருண்டையான குஞ்சோடு போய், மீன்கள் முகர்ந்துவிட்டுத் திரும்பியதைக் கண்டேன்.

பொய்ப்பூச்சி கட்டுவோர் உலகெங்கும் போற்றும் இறகு ஒன்று நம் தென்னாட்டுக் காட்டிலிருந்து போனது. நீலகிரி அடிவாரத்திலும் மேற்கு மலைத் தொடரிலும் வாழும் சாம்பல் காட்டுக்கோழிச் சேவலின் கழுத்திறகு ஒவ்வொன்றின் நுனியிலும், எனாமல் சொட்டு வைத்தாற்போல வெண்மஞ்சட் பொட்டு இருக்கும். பூச்சியின் கண்ணாகவும் மீன்குஞ்சின் கண்ணாகவும் அது அமையும் அழகுக்காக, எண்ணற்ற சேவல்களின் கழுத்துத் தோல் கப்பலேறியது. 1972-ஆம் ஆண்டு வனவுயிர்ப் பாதுகாப்புச் சட்டம் வந்த பிறகு அந்தப் பறவையைக் கொல்வது குற்றம். இன்று வெளிநாட்டார் அதைத் தங்கள் பண்ணைகளிலேயே வளர்த்து இறகெடுக்கிறார்கள். அந்த இறகு இல்லாமலும் தட்டான் குஞ்சு கட்டலாம் என்பதை நானே கட்டிப் பார்த்துச் சொல்கிறேன்.

குஞ்சைப் போடும் இடம் ஓடையைக் காட்டிலும் தேங்கிய நீரில்தான் அதிகப் பலன் தரும். குந்தா மின்திட்டத்துக்காக, கொழும்புத் திட்டத்தின் கீழ்க் கனடா நாட்டின் உதவியோடு, அவலாஞ்சி, எமரால்டு, மேல்பவானி முதலிய நீர்த்தேக்கங்கள் உண்டாயின. கனடாவின் மேற்குக்கரை இந்த மீனின் பூர்வ தேசத்தில் ஒரு பகுதி என்பதை நினைக்கும்போது, மீனைத் தேடி அதன் ஊர்க்காரர்களே வந்து குளம் வெட்டிக் கொடுத்தது போல எனக்குத் தோன்றும். அந்தக் கனடா ஏரிகளிலும் தட்டான் குஞ்சின் உருவத்தில் பூச்சி கட்டி மீன் பிடிப்பது நெடுநாளைய வழக்கம். ஆஸ்திரேலியத் தூண்டிற்காரர்கள் இந்தக் குஞ்சைச் சேற்றுக்கண் என்று பொருள்படும் பெயரால் அழைத்து, உயிரோடேயே முள்ளில் மாட்டுகிறார்கள். நம்மிடம் இல்லாத பெயர் அவர்களிடம் இருக்கிறது.

எமரால்டு நீர்த்தேக்கத்தில் ஒரு மாசி மாதத்து மாலை. வெயில் மலைக்குப் பின்னே இறங்கி, நீர் கறுத்து, எதிர்க்கரைச் சோலைக்காடு ஒரே நிழலாகத் திரண்டுவிட்டது. முதிர்ந்த தட்டான் குஞ்சுகள் இரவில் கரையேறுவதற்காக அந்த வேளையில் ஆழத்திலிருந்து விளிம்பை நோக்கி ஊரும். ஆகையால் பூச்சியை ஆழத்தில் எறிந்து, அடிமட்டம் வரை மூழ்கவிட்டு, கரையை நோக்கியே இழுக்க வேண்டும். நான் எறிந்துவிட்டு இருபது எண்ணினேன். பிறகு இடது கையால் கயிற்றை ஒரு சாண் வெடுக்கென்று இழுத்தேன், நிறுத்தினேன், மூச்சு விடும் நேரம் பொறுத்தேன், மறுபடி ஒரு சாண். நீரைப் பீச்சிப் பாய்ந்து நிற்கும் அந்த ஓட்டம்தான் என் விரலில் நடந்துகொண்டிருந்தது. ஏழாம் இழுப்புக்கும் எட்டாம் இழுப்புக்கும் நடுவே, பூச்சி அசையாது நின்ற கணத்தில், கயிறு தானே நகர்ந்தது. கோலை உயர்த்தினேன். இருட்டு நீர் கிழிந்து, அந்தச் சிவப்புப் பட்டை ஒருமுறை மின்னி மறைந்தது. கால் மணி நேரத்துக்குப் பின் அதை ஆழமில்லாத இடத்துக்குக் கொண்டுவந்து, கையை நனைத்துக்கொண்டு, நீரிலிருந்து எடுக்காமலேயே முள்ளை விடுவித்தேன். ஓடையின் எதிர்முகமாகப் பிடித்து நிறுத்துவது போல, சிறிது நேரம் உள்ளங்கையில் தாங்கியிருந்தேன். செவுள் சீராக அசையத் தொடங்கியதும், அது தானாகவே நழுவிப் போயிற்று.

உயிருள்ள ஒன்றை ஏமாற்றி வலிக்கச் செய்யும் இந்த வித்தையை இவ்வளவு ஆசையோடு பேசலாமா என்று இந்தச் சபையில் சிலர் மனத்தில் நினைத்திருப்பார்கள். மாமல்லபுரத்துப் பெரும்பாறைச் சிற்பத்தில், தவசியைப் போல நின்று கைகளை உயர்த்தியிருக்கும் பூனையையும், அதை நம்பிச் சூழ்ந்திருக்கும் எலிகளையும் பார்க்கும்போதெல்லாம் எனக்கும் அந்த நினைவு வருவதுண்டு. முற்றாகத் தப்பித்துக்கொள்ளும் விடை என்னிடம் இல்லை. முள்ளின் எதிர்க்கொக்கியைக் குறடால் நசுக்கிவிட்டுத்தான் போடுகிறேன். சமைக்க வேண்டியதற்கு மேல் எடுப்பதில்லை. இன்னொரு குற்றமும் உண்டு. அது என்னுடையதன்று, அந்த மீனை அங்கே கொண்டுவந்தவர்களுடையது. மலையோடைகளுக்கே உரிய நாட்டுச் சிறுமீன்களுக்கும், தவளைகளுக்கும், இந்தத் தட்டான் குஞ்சுகளுக்கும், அதற்கு முன் கண்டறியாத ஒரு பெரிய வேட்டைக்காரனை அவர்கள் நடுவீட்டில் கொண்டுவந்து வைத்துவிட்டார்கள். நூறாண்டுக்கு மேலாகிவிட்ட பிறகு அதைத் திருப்பி அனுப்ப வழியில்லை. புதிய ஓடைகளில் இனியும் அதை விடாதிருப்பதே செய்யத் தக்கது என்பது என் துணிபு.

டிரவுட்டுக்கும் தட்டானுக்கும் இன்று வந்திருக்கும் ஆபத்து ஒன்றுதான். உருளைக்கிழங்குத் தோட்டத்து மருந்து மழையோடு ஓடையில் இறங்குகிறது. புல்வெளியும் சோலையும் சுருங்கச் சுருங்க, கோடையில் ஊறிவரும் நீர் குறைகிறது, வரும் மழையோ தேங்காமல் பெயர்த்துக்கொண்டு போகிறது. அவலாஞ்சியில் 2019 ஆகஸ்டில் ஒரே நாளில் 82 சென்டிமீட்டர் மழை பெய்தது. கல்லடியில் கவ்விக்கொண்டு வாழும் பிராணிகளின் வீடு அப்படிப்பட்ட ஒரு நாளில் எங்கே போய் நிற்கும் என்று எண்ணிப் பாருங்கள்.

நம் பக்கத்திலேயே வேடந்தாங்கல் இருக்கிறது. அங்கே கூடு கட்டும் பறவைகளைச் சுட்டவர்களைப் பற்றி ஊரார் முறையிட, 1798-ல் அன்றைய கலெக்டர் லயனல் பிளேஸ் அந்த ஊராருக்குக் கவுல் என்னும் உரிமைச் சாசனம் எழுதிக் கொடுத்தார். பறவை எச்சம் கலந்த ஏரி நீர் வயலுக்கு எருவாகிறது என்பதை அந்த உழவர்கள் எந்தப் புத்தகமும் படிக்காமல் அறிந்திருந்தார்கள். தட்டான் குஞ்சு ஒவ்வொன்றும் நாள்தோறும் கொசுப்புழுக்களைத் தின்கிறது; ஆனால் அதற்காக முறையிட்டவர் ஒருவரும் இல்லை. ஏரிக்கரைக் கோரையை முற்றிலும் அறுத்துக் கரையை மொழுமொழுவென்று ஆக்குவதை அழகென்று சில இடங்களில் செய்கிறார்கள். அந்தக் கோரைதான் இந்தக் குஞ்சு மேலே ஏறி வரும் ஏணி. விளிம்பில் நாலு முழமாவது விட்டு வைக்கும்படி ஊராட்சியைச் சேர்ந்த பெரியோர்களை இந்தச் சந்தர்ப்பத்தில் வேண்டிக்கொள்கிறேன்.

இனி சாடிக்கு வருகிறேன். இந்தக் குஞ்சு நேற்றுக் காலை முதல் இரையைத் தொடவில்லை. நான் விட்ட கொசுப்புழுக்கள் அதன் முகத்துக்கு நேரே நெளிந்துகொண்டிருக்கின்றன. முதுகிலுள்ள இறகுப் பொதிகள் நாலும் வீங்கி, ஒன்றையொன்று விலகி நிற்கின்றன. நான் பேசத் தொடங்கியபோது அடியில் இருந்தது, இப்போது தண்டின் பாதிக்கு மேல் ஏறி, தலையை மட்டும் நீருக்கு வெளியே நீட்டிக்கொண்டிருக்கிறது. காற்றைச் சுவாசித்துப் பழகுகிறது. இன்றிரவு அல்லது நாளை இரவு. வெளிச்சம் அதற்கு ஆகாது. ஆகையால் நண்பர் யாராவது தயவு செய்து மேசைக்கு மேலுள்ள விளக்கை அணைத்து, கதவோரத்து விளக்கை மட்டும் விட்டு வையுங்கள். ரயிலுக்குப் போக வேண்டியவர்கள் நாற்காலியை இழுக்காமல் எழுந்து போகலாம். பிள்ளைகள் இருக்க விரும்பினால், வீட்டில் சொல்லிவிட்டு வந்து, இந்தப் பக்கம் தரையில் உட்காருங்கள். சாடியைத் தொட வேண்டாம்.